சாலையைக் கடக்க ஒரு சட்டமன்றப் பயணம்

பினாங்குக்குப் போகிறவர்கள் கொடிமலை ஏறுவார்கள், நாசி கண்டார் சாப்பிடுவார்கள், சுவரோவியத்தின் முன் நின்று படம் எடுப்பார்கள். நான் சட்டமன்றம் பார்க்கப் போனேன். ஈப்போவிலிருந்து ரயிலேறிப் போய் இதைப் பார்க்க எனக்கு ஆசை ஒன்றும் இல்லை. தங்கை கோகிலா துணைக்குக் கூப்பிட்டாள், போனேன்.

கோகிலா தாசேக் கெலுகோரில் இருக்கிறாள். அதுவும் பினாங்கு மாநிலம்தான், ஆனால் தீவில் இல்லை, கடலுக்கு இந்தப் பக்கம். அவள் மகள் யாழினி படிக்கும் தமிழ்ப்பள்ளி, ஒரு சின்னச் சாலை பெரிய சாலையில் சேரும் முனையில் இருக்கிறது. சின்னது மாநிலச் சாலை, பெரியது மத்திய அரசின் சாலை. பள்ளி விட்டால் பிள்ளைகள் பெரிய சாலையைத்தான் கடக்க வேண்டும். எண்ணெய் ஆலைக்குச் செம்பனைக் குலை ஏற்றிய லாரிகள் அங்கே வேகத்தைக் குறைப்பதில்லை. போன வருடம் யாழினியை மோட்டார் சைக்கிள் ஒன்று இடித்துத் தள்ளியதில் கால் முறிந்தது. இன்றும் அந்தப் பிள்ளை லேசாகத் தாங்கித்தான் நடக்கிறாள்.

அன்றிலிருந்து கோகிலா ஒரு சமிக்ஞை விளக்குக்காக அலைகிறாள். மாநிலத்தில் கேட்டால், பெரிய சாலை மத்தியுடையது என்றார்கள். மத்தியில் கேட்டால், முனை மாநிலச் சாலையில் இருக்கிறது, அவர்கள் முதலில் எழுதட்டும் என்றார்கள். கடைசியில் மாநிலம் தன் பங்குக்குச் சின்னச் சாலையின் குறுக்கே வெள்ளைக் கோடு போட்டுக் கொடுத்தது. அங்கே யாரும் கடப்பதில்லை. கடக்கிற இடத்தில் கோடு இல்லை.

அந்தத் தொகுதியின் சட்டமன்ற உறுப்பினர், எல்லாரும் 'ஒய்.பி.' என்று மரியாதையாகக் கூப்பிடுபவர், நல்ல மனிதர். சபையிலேயே கேட்கிறேன் என்று கேள்வியைப் பதிவு செய்துவிட்டார். அதற்குத்தான் கோகிலா தொழிற்சாலையில் லீவு போட்டாள்.

செவ்வாய்க்கிழமை காலை பட்டர்வொர்த்தில் கோகிலாவின் காரை விட்டுவிட்டுத் தீவுக்கு ஃபெரி ஏறினோம். ஆளுக்கு இரண்டு வெள்ளி, அதாவது ரிங்கிட், கடக்கப் பத்து நிமிடத்துக்குச் சற்றுக் கூட. காலை நேரத்தில் பாலத்தைவிட இதுவே மேல். இறங்கி, சட்டமன்றம் இருக்கும் லைட் ஸ்திரீட் வரை பதினைந்து நிமிடம் நடக்கலாம். வெயிலுக்குப் பயந்து ஆறு வெள்ளி கொடுத்துக் கார் பிடித்தோம். ஓட்டுநர் ஆயர் ஈத்தாம்காரர், தமிழ் முஸ்லிம்.

"என்ன கேஸுண்ணே?" என்றார். நீதிமன்றமும் அதே சாலையில்தான் இருக்கிறது.

"கேஸ் இல்லண்ணே. சட்டமன்றத்துல நம்ம கேள்வி வருது," என்றாள் கோகிலா.

அவர் கண்ணாடியில் எங்களைப் பார்த்தார். "கேள்வி கேக்குறதுக்கா இவ்ளோ தூரம் வந்தீங்க? வீட்டுலயே கேக்கலாம்லா. பதில் ஒண்ணுதான்."

இறங்கியதும் எனக்கு முதல் சோதனை. செருப்போடு உள்ளே விடமாட்டார்களாம். பத்து நிமிடம் நடந்து லிட்டில் இந்தியா போய், முப்பத்தைந்து வெள்ளிக்கு ஒரு கறுப்புச் சப்பாத்து வாங்கி வந்தேன். அது காலைக் கடித்த கடியில்தான் மீதிக் கதையைப் பார்த்தேன்.

வெள்ளைத் தூண்கள் வைத்த பழைய கட்டடம். உள்ளே குளிர் தாங்கவில்லை. செங்கோலைத் தூக்கிக்கொண்டு ஒருவர் முன்னே வர, சபாநாயகர் பின்னே வந்தார். ஈப்போ இருக்கும் எங்கள் பேராக் மாநிலத்தில் சுல்தான் உண்டு. பினாங்கில் சுல்தான் கிடையாது, நாட்டின் மாமன்னர் நியமிக்கும் ஆளுநர்தான். அவர் பெயரால் மாநில அரசு நடக்கிறது, மாமன்னர் பெயரால் மத்திய அரசு நடக்கிறது. எந்த அதிகாரம் யாருக்கு என்று அரசியலமைப்பில் பட்டியலே போட்டிருக்கிறார்கள். நிலம் மாநிலத்துக்கு, கல்வி மத்திக்கு. பள்ளி நிற்கும் மண் ஒருவருடையது, பள்ளி இன்னொருவருடையது. வாசலில் ஓடும் பிள்ளை யாருடையது என்று மட்டும் எந்தப் பட்டியலிலும் காணோம்.

எங்கள் கேள்வி வரிசையில் பதினான்காவது. ஒன்பதரைக்கு ஆரம்பித்தார்கள். முதல் கேள்வி வடிகால் பற்றியது. பதில் வந்தது. உடனே துணைக்கேள்வி. அதற்குப் பதில் வந்ததும் எதிர்வரிசையிலிருந்து இன்னொரு துணைக்கேள்வி. இரண்டாவதும் இப்படியே. பாலிக் புலாவில் டுரியான் பழக் கடைகளை எங்கே வைப்பது என்பதில் நாலு பேர் எழுந்தார்கள், ஒருவர் டுரியானின் பெருமையையும் சேர்த்துச் சொன்னார். எனக்கும் டுரியான் பிடிக்கும். ஆனால் அன்று அதன் பெயரைக் கேட்டாலே கோபம் வந்தது. கோகிலா கைக்கடிகாரத்தையும் சபாநாயகரையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஒன்பதாவது கேள்வியில் கேள்வி நேரம் முடிந்தது. மீதிக்கு எழுத்துப்பூர்வமாகப் பதில் வரும் என்று அறிவித்துவிட்டு அடுத்த வேலைக்குப் போய்விட்டார்கள். இதுதான் இங்கே வழக்கமாம். எங்களுக்குத் தெரியாது. கேள்வி பதிவானால் கேட்டே ஆவார்கள் என்று நம்பி வந்தோம்.

இடைவேளையில் உறுப்பினர் வெளியே வந்தார். அவருக்கும் சங்கடம்தான். "அக்கா, பதில் கண்டிப்பா வரும்லா. எழுத்துலதான் வரும்."

"எழுத்துல எங்கிட்ட நிறைய இருக்கு ஒய்.பி.," என்றாள் கோகிலா. "நீங்க நாலு பேரு முன்னால எந்திரிச்சுக் கேக்கணும், அவங்க எந்திரிச்சுச் சொல்லணும். அதைப் பாக்கத்தான் வந்தேன்."

"அடுத்த கூட்டத்துல முன்னாடி வர்ற மாதிரி டிரை பண்றேன்க்கா."

"அடுத்த கூட்டம் எப்போ?"

சில மாதம் ஆகும் என்றார். பள்ளி நாளைக்கும் உண்டு என்றாள் அவள். மறுபடி ஃபெரி ஏறித் திரும்பினோம்.

பதில் பிறகு வாட்ஸ்அப்பில் வந்தது. கழுவுற மீனில் நழுவுற மீன்: சாலை மத்திய அரசின் அதிகாரத்துக்கு உட்பட்டது, மாநிலம் கவனத்தில் கொண்டுள்ளது.

போக நினைப்பவர்களுக்குச் சொல்கிறேன். பார்வையாளர் மாடத்துக்கு முன்கூட்டியே சொல்லி வையுங்கள். மூடிய காலணி, முழுக்கைச் சட்டை, ஒரு குளிர்ச்சட்டை அவசியம். உங்கள் கேள்வி எத்தனையாவது என்று விசாரித்துவிட்டு லீவு போடுங்கள். உங்கள் ஊர்ச் சாலை யாருடையது என்று தெரிய வேண்டுமா, கிலோமீட்டர் கல்லைப் பாருங்கள். எண் மட்டும் இருந்தால் மத்தி, எண்ணுக்கு முன் 'பி' எழுத்து இருந்தால் பினாங்கு மாநிலம். இரண்டும் சேரும் முனையில் வீடு பார்க்காதீர்கள்.

இதெல்லாம் தெரியாமலே இருந்திருக்கலாம் என்று எரிச்சலோடு ஈப்போ திரும்பினேன். ஆனாலும் மறுபடி கூப்பிட்டால் போவேன். மாடத்தில் நாலு பேர் உட்கார்ந்திருந்தால்தான் கீழே இருப்பவர்களுக்கு மேலே பார்க்கத் தோன்றும்.

இப்போது கோகிலாவும் இன்னும் மூன்று தாய்மார்களும் முறை வைத்து, பள்ளி விடும் நேரத்தில் பெரிய சாலையில் இறங்கிக் கையை நீட்டி லாரிகளை நிறுத்துகிறார்கள். போன வாரம் ஒரு லாரிக்காரர் தலையை வெளியே நீட்டி, ரோட்டை மறிக்க உனக்கு யார் அதிகாரம் கொடுத்தது என்று மலாயில் சத்தம் போட்டாராம்.

"நீ என்ன சொன்னே?" என்று போனில் கேட்டேன்.

"யாரும் குடுக்கலண்ணே. ரெண்டு பேருமே வேணாங்கிறாங்க, அதான் நான் எடுத்துக்கிட்டேன்னு சொன்னேன்."