தமிழ் அரை மணியில் ஹங்கேரிய ஆட்டம்

ஊரில், இலங்கையில், யுத்தம் முடிந்த அந்த மே மாதம் நான் ரொறன்ரோவில் ஒரு பன்மொழித் தொலைக்காட்சியின் கொன்ட்ரோல் ரூமில் வேலை செய்தேன். லிஸ்டில் உள்ள வீடியோ நாடாவை, எங்கள் பேச்சில் ரேப்பை, ஏற்றி, நேரத்துக்குப் பட்டனை அமத்துவதுதான் என் வேலை.

தமிழ் அரை மணி என்ற நிகழ்ச்சியைத் தயாரித்த வதனி அக்கா அன்று ஒரு ரேப் கொண்டுவந்தார். வன்னியில் தொடர்பற்றுப் போனவர்களின் பெயர்களை உறவினர்களே அதில் வாசித்தார்கள். கடைசிப் பெயர் அவருடைய தம்பியுடையது. அங்குள்ள அகதி முகாமில் யாராவது அவனைக் கண்டிருந்தால் இங்குள்ள சொந்தக்காரர் மூலம் தகவல் வரும் என்று நம்பினார்.

மனேஜர் ஐந்து நிமிடம் பார்த்துவிட்டு, "இது அரசியல். சந்தோஷமாக ஏதாவது போடு," என்று ஆங்கிலத்தில் சொன்னார்.

"அப்ப என்ர தம்பியும் அரசியலோ, சிவா?" என்று அக்கா என்னிடம் கேட்டார்.

மனேஜர் காட்டிய ரேப், ஹங்கேரியில் தொலைக்காட்சிக்கென்றே எடுத்த இசை நகைச்சுவை. ஒரு பேக்கரிக்காரரும் தபால்காரியும் வாத்தைத் துரத்திக்கொண்டே காதல் பாட்டுப் பாடுவார்கள். நல்ல படம்தான். ஆனால் அன்றைக்கா? அந்த வாரத்திலா? என்றாலும் பட்டனை அமத்தினேன்.

உடனே போன் அடித்தது. "தம்பி, எங்கட சனம் சாகுது, உங்களுக்கு ஆட்டமும் பாட்டும் கேக்குதோ?" என்று ஒரு ஐயா கத்தினார். மேலிடத்து உத்தரவு என்றேன். வெட்கங்கெட்ட பதில்.

மறுநாள் காலை எங்கள் நிலையத்தின் ஹங்கேரிய நிகழ்ச்சியைத் தயாரிக்கும் இலோனா புயலாக வந்தார். "என் நிகழ்ச்சிக்கு வாங்கிய படத்தை வைத்து இவர்களின் துக்கத்தை மூட உங்களுக்கு யார் அனுமதி தந்தது?" என்று மனேஜரிடம் கேட்டார். ரேப் பெட்டிக்குள்ளிருந்த ரன் ஷீட்டை, ஒவ்வொரு முறை ஒளிபரப்பும்போதும் பட்டன் அமத்துபவர் ஒரு வரியில் கையெழுத்திடும் தாளை, உருவி மேசையில் போட்டார். இரண்டு முறைதான் ஒளிபரப்பலாம் என்று அதில் இருந்தது. இரண்டும் முன்பே முடிந்திருந்தன. நேற்றையது மூன்றாவது. ஹங்கேரியில் உள்ள பட உரிமையாளருக்கு எழுதப்போகிறேன் என்றதும் மனேஜர் அடங்கிவிட்டார். அன்றே அக்காவின் ரேப் ஓடியது.

முடிந்ததும் ஸ்கார்பரோவிலிருந்து ஒருவர் போன் எடுத்தார். "கடைசியா வாசிச்ச அந்தப் பெடியன்ர பேரில ஒருத்தர் மச்சான்ர முகாமில இருக்கிறாராம். மச்சான் நேற்றுத்தான் களவாப் போன் எடுத்துக் கதைச்சவர். நேற்றே போட்டிருந்தியள் எண்டா அது அவர்தானோ எண்டு கேட்டிருப்பன். இனி எப்ப எடுப்பாரோ?"

மச்சானிடமிருந்து பிறகு அழைப்பே வரவில்லை.

இந்த வேலைக்கு வரும் பிள்ளைகளுக்குச் சொல்கிறேன். யார் உத்தரவிட்டாலும் முதலில் ரன் ஷீட்டை வாசியுங்கள். 'முடியாது' என்று சொல்ல அன்று என் கையிலேயே காகிதம் இருந்தது. மூன்றாவது வரியில், வாசிக்காமல், கையெழுத்துப் போட்டவன் நான்.