ஷாஹுல் பாய் முகம் காட்டிய காலை

ஷாஹுல் பாய் இருபத்திரண்டு வருஷம் சினிமாவில் அடி வாங்கினவர். ஒரு படத்திலும் அவர் முகத்தை யாரும் பார்த்ததில்லை. நடிகர் மாடியிலிருந்து விழுகிறார் என்றால், விழுகிறவர் நம்ம பாய். காமிரா பக்கம் மூஞ்சி திரும்பிவிட்டால் மறுபடி விழணும். அவர் சம்சாரம் ஷிரீன் மட்டும் முதுகைப் பார்த்தே, "இதோ, எங்க ஊட்டுக்காரரு" என்று சொல்லிவிடுவார்.

வாழப்பாடியில் அவங்க அப்பாவுக்குத் தார்ப்பாய்க் கடை. மாடியிலிருந்து தார்ப்பாய்க் குவியல் மேல் குதித்துக் குதித்து, அந்தக் குதியோடவே பத்தொன்பது வயதில் மெட்ராஸ் போனார். நாற்பத்தொன்றில் இடது முழங்கால் போச்சு. அப்புறம் ஆறு வருஷம் சீரியலில் உதவி டைரக்டர்.

போன ஆடியில் லாரி டிரைவர் குடும்பத்தைப் பற்றி ஒரு சீரியல் எடுக்க சேந்தமங்கலம் வந்தார்கள். அதில் பாய்தான் உதவி டைரக்டர். என் லாரியை வாடகைக்குப் பேசினார்கள். வண்டியோடு நானும் போனேன். நாலாம் நாள் டைரக்டர் பெரிய பட வாய்ப்பு வந்து கிளம்பிவிட்டார். சீரியல் மேனேஜர் பாயைக் கூப்பிட்டார்.

"ஒரு சீன் எடுத்துக் காட்டுங்க பாய். சேனல்ல ஒத்துக்கிட்டா நீங்கதான் டைரக்டர். இல்லேன்னா வர்றவரு சொந்த ஆளுங்களோட வருவாரு."

வந்தால் பாய்க்கு வேலை இல்லை. அந்த முழங்காலோடு விழுகிற வேலைக்கும் யாரும் கூப்பிட மாட்டார்கள்.

நாற்பது நாள் கழித்து டிரைவர் வீட்டுக்கு வருகிறான், சம்சாரம் வாசலில் பார்க்கிறாள். அவ்வளவுதான் சீன். பாய் செருப்பைக் கழற்றிவிட்டு வாசல் முழுக்க நடந்து கல் பொறுக்கினார்.

"யாரும் உழப்போறதில்லைங்களே பாய்?" என்றேன்.

"பழக்கம்ணா."

எடுத்து அனுப்பிய சீனைப் பார்த்துவிட்டு சாயங்காலம் சேனலிலிருந்து போன். மேனேஜர் ஸ்பீக்கரில் போட்டுத் தொலைத்தார்.

"மூணு நிமிஷத்துல ஒரு மூஞ்சி இல்லையே! புருசன் முதுகு, பொண்டாட்டி முதுகு. கட்டியிருக்கற ஆடு கூட திரும்பி நிக்குது! நாளைக்குக் காலைல இன்னொரு தடவ எடுங்க. அதோட சரி."

பாய் என் லாரிப் படியில் வந்து உட்கார்ந்தார்.

"மானிட்டர்ல மூஞ்சி தெரிஞ்சாலே, ஐயோ மாட்டிக்கிட்டமேன்னு வாய் தன்னால 'கட்' சொல்லுதுண்ணா."

நான் டீ வாங்கிக் கொடுத்தேன்.

காலையில் காமிராவை நேராக அறிவுச்செல்வி முகத்துக்கு வைத்தார்கள். சம்சாரமாக நடிக்கிற பெண் அது. நாலு டேக் போச்சு, ஒன்றும் தேறவில்லை.

"நான் யாரைப் பாத்துண்ணா நடிக்கறது? டிரைவரா நடிக்கறவரு ரூம்ல தூங்கறாரு. எதுக்கால லைட் அண்ணன் கொட்டாவி உட்டுக்கிட்டு நிக்கறாரு."

எல்லாரும் சிரித்தார்கள். பாய் சிரிக்கவில்லை. தொப்பியைக் கழற்றி என் கையில் கொடுத்துவிட்டு லாரியில் ஏறினார். காமிரா ஓடச் சொல்லிவிட்டு இறங்கினார். காலை இழுத்து இழுத்து வந்து, காமிராவுக்குப் பக்கத்தில் அந்தப் பெண்ணுக்கு நேராக நின்றார். கழுத்து பாதி திரும்பியதை நான் பார்த்தேன். இழுத்துப் பிடித்து நேராக்கினார். உள்ளே விடுவார்களா மாட்டார்களா என்று தெரியாத மனுசன் முகம் அது.

அறிவுச்செல்வி பார்த்தது. முதலில் லேசாகச் சிரிப்பு வந்தது. அப்புறம் கண் நிறைந்துவிட்டது. கையிலிருந்த சொம்பு சாய்ந்து தண்ணீர் காலில் கொட்டியதுகூட அதற்குத் தெரியவில்லை. பாய் 'கட்' சொல்ல மறந்தே போனார். காமிராமேன்தான் சொன்னார்.

மத்தியானம் சேனலில் ஒத்துக்கொண்டுவிட்டார்கள். ஷிரீன் போனில் கேட்டார். "இந்த சீரியல்ல எந்த முதுகுங்க உங்களுது?"

"இதுல முதுகு இல்ல. கடைசில பேரு ஓடும், பாரு."

அதற்குள் மேனேஜர் டைரக்டர் நாற்காலியைக் கொண்டுவந்து வேப்பமரத்தடியில் போட்டார். "உக்காருங்க டைரக்டர் சார்."

பாய் நாற்காலியைத் தூக்கி, அடியில் கல் கிடக்கிறதா என்று பார்த்துவிட்டு உட்கார்ந்தார்.