இன்கியுபேட்டருக்குள் தீர்த்தம்

வலன்ரைன் அண்ணன் எங்கள் ஆய்வுகூடத்தில் குடுவை கழுவுபவர். கெலிஓயாவிலிருந்து முதல் பஸ்ஸிலேயே வந்துவிடுவார். எதைத் தொடுமுன்னும் சிலுவை அடையாளம் போடுவார். ஒருநாள் பழுதான மின்விசிறிக்கும் போட்டார். சனியன், அது ஓடித் தொலைத்தது. அதற்குப் பிறகு அவரை யாராலும் அசைக்க முடியவில்லை.

நான் ஆராய்ச்சி மாணவி, நாவலப்பிட்டிக்காரி. எதையும் லேசில் நம்பமாட்டேன். கறவைப் பசுவின் மடியிலிருந்து நகக்கண் அளவு சதை எடுத்து, அதிலுள்ள உயிர்க்கலங்களை, அதாவது செல்களை, குடுவையில் வளர்த்து, வெக்கை கூடினால் பால் சுரக்கும் கலத்துக்கு என்ன நடக்கிறது என்று பார்ப்பது என் வேலை. கலங்கள் பச்சைப்பிள்ளை மாதிரி. மாட்டின் உடம்புச் சூடும் ஈரக் காற்றும் உள்ள இன்கியுபேட்டர் பெட்டிக்குள்தான் பிழைக்கும். ஈரத்துக்காக அடித்தட்டில் ஒரு தட்டு நிறையக் கிருமியில்லாத தண்ணீர் வைப்போம். அதை மாற்றுவது வலன்ரைன் அண்ணன்.

இந்த வருஷம் என் கலங்கள் செத்துக்கொண்டே இருந்தன. திறந்து பார்த்தால் குடுவைக்குள் பஞ்சு பஞ்சாகப் பூஞ்சணம். மேற்பார்வை செய்யும் டொக்டர் ரபீகா பொறுமையானவர்தான். அவரே ஒருநாள் சொல்லிவிட்டார்:

"கிருஷாந்தி, பூஞ்சணம் சும்மா வராது. கைச்சுத்தம் காணாது போல."

தோல் உரியும்வரை கை கழுவினேன். அந்தப் பசுவையோ பண்ணையில் விற்றுவிட்டார்கள். அதன் கலங்களைத் திரவ நைதரசனில் உறைய வைத்த ஒரே ஒரு குப்பிதான் மிச்சம். அதுவும் போனால் ஆராய்ச்சி போச்சு, பட்டமும் போச்சு.

அந்தக் குப்பியை எடுக்கவிருந்த காலையில் உள்ளே போனால், வலன்ரைன் அண்ணன் இன்கியுபேட்டர் முன்னால் குந்தியிருந்து, பிளாஸ்டிக் போத்தலிலிருந்து தட்டுக்குள் எதையோ ஊற்றுகிறார்.

"அண்ணே! என்ன ஊத்துறீங்க?"

அவர் மறைக்கவே இல்லை. பெருமையாகச் சிரித்தார்.

"திருவிழாவுக்குப் போன மாதா கோயில்ல மந்திரிச்ச தீர்த்தம் மிஸ். நீங்க ஆரம்பத்துல பயந்துகிட்டு இருந்தீங்கள்ல, அப்பவே கொஞ்சம் ஊத்தினேன். செத்துப்போச்சுன்னதும் கூட ஊத்தினேன்."

கோபம் உச்சந்தலைக்கு ஏறியது. ஏறிய வேகத்திலேயே இறங்கியும்விட்டது. அப்படியென்றால் என் கையில் பிழையில்லை! அப்படியே தரையில் உட்கார்ந்து சிரித்தேன், கண்ணீர் வரச் சிரித்தேன். மாதாவைக் குறை சொல்லமாட்டேன். மாதக்கணக்காக வைத்திருந்த அந்தப் போத்தலின் அடியில் பச்சை படிந்திருந்தது.

விஷயத்தை விளக்கியதும் அவர் முகம் செத்துப்போனது. டொக்டர் ரபீகாவோ, "அல்லாஹ், புள்ளய வீணா ஏசிட்டேனே!" என்று என் கையைப் பிடித்துக்கொண்டார். அன்று முழுக்க வலன்ரைன் அண்ணன் தட்டுகளைக் கழற்றித் தேய்த்து அவித்தார். நானும் அவருமாகப் பெட்டியின் மூலை முடுக்கெல்லாம் துடைத்தோம். கடைசிக் குப்பி உள்ளே போனது.

அந்த வாரம் அவர் எதைத் தொடுமுன்னும் சிலுவை அடையாளம் போடவில்லை. எனக்கு என் பயமே பெரிதாக இருந்தது, அதைக் கவனிக்கவில்லை.

பிறகு நுணுக்குக்காட்டியில் கண்ணை வைத்தேன். குடுவைக்குள் இருந்த திரவம் கண்ணாடி மாதிரித் தெளிவு. கலங்கள் குடுவையின் அடியைப் பிடித்துக்கொண்டு, கைகால் நீட்டிப் படுத்திருந்தன. அப்பாடா! நெஞ்சிலிருந்த கல் இறங்கியது. கூப்பிட்டு அவரையும் பார்க்க வைத்தேன். வெகுநேரம் பார்த்தார்.

"உசுரோட இருக்கா மிஸ்?"

"எல்லாமே இருக்குண்ணே."

நிமிர்ந்தார். துடைக்கத் துடைக்கக் கண் நிறைந்தது.

"அப்ப நாளைக்கு நான் வேலைக்கு வரலாமா மிஸ்?"

ஒரு வாரமாக இந்த மனிதர் இதைச் சுமந்துகொண்டா பஸ் ஏறினார்!

"வராம? நீங்க இல்லாட்டி இதுகளை யாருண்ணே பார்க்கிறது?" என்றேன்.