கண்ணாடி போடாத ஜன்னல்

போன மாதம் வரை எங்கள் வீட்டு அரிசிப் பெட்டிக்குப் பின்னால் ஒரு பலகை சாத்தியிருந்தது. தேயிலைப் பெட்டியிலிருந்து பெயர்த்தெடுத்த ஒட்டுப்பலகை. ஒரு பக்கத்தில் ஈயத்தாள் இன்னும் அங்கங்கே ஒட்டிக்கொண்டிருக்கும். மழைக்காலத்தில் மூக்கை அருகில் கொண்டுபோனால் தேயிலைத் தூள் வாசனை வரும், அல்லது வருவதாக எனக்குத் தோன்றும். வீடு கழுவ வரும் பிள்ளை ஒவ்வொரு பொங்கலுக்கும் அதை அடுப்பில் வைத்துவிடலாமா என்று கேட்கும், நான் சண்டைக்குப் போவேன். இலங்கை மலையகத்து ஹட்டனில் நான் இன்றும் குடியிருக்கும் இந்த வீட்டின் முன் ஜன்னலில், கண்ணாடி இருக்க வேண்டிய இடத்தில் பல வருஷம் இருந்தது அந்தப் பலகைதான். அதை அசையாமல் அங்கேயே இருக்க வைத்தவர் என் அத்தை.

அத்தை என் அப்பாவுக்கு மூத்தவர். றொசல்லப் பக்கத்துத் தோட்டமொன்றில் மிட்வைஃபாக இருந்தார். தொழிலாளர்கள் குடியிருந்த அந்த லயங்களில் ஓடித் திரிந்த பிள்ளைகளில் பாதிப் பேர் அவர் கையில் பிறந்தவர்கள். வெள்ளைச் சேலை, கறுப்புக் குடை, தோளில் ஊசி குத்தித் தொங்கவிட்ட சின்னக் கடிகாரம், ரத்தம் குடிக்கிற அட்டை ஏறாமலிருக்கக் கால் நிறையப் பூசிய சவர்க்காரம். மாமா கல்யாணமான புதிதிலேயே காய்ச்சலில் போய்விட்டார், பிள்ளையும் இல்லை. யாராவது பாவம் என்று இழுத்தால், தோட்டம் பூராவும் எனக்குப் பிள்ளைதான், உனக்கென்ன வந்தது என்று வாயை அடைத்துவிடுவார். வயிற்றுப் பிள்ளைக்காரியைக் கண்டால் சுகம் விசாரிப்பதற்கு முன்பே எந்த மாசம் என்று கேட்பார். நாள் தெரியாமல் தான் எந்த வேலையிலும் இறங்குவதில்லை என்பார். எங்களுக்கெல்லாம் அது ஒரு கேலிப் பேச்சாகவே இருந்தது.

அப்பா அதே தோட்டத்துத் தொழிற்சாலையில் டீமேக்கர். கொழுந்தை வாடப் போடுவதிலிருந்து தூளைப் பெட்டியில் அடைப்பது வரை எல்லாம் அவர் பொறுப்பு. தோட்டம் கொடுத்திருந்த குவாட்டர்ஸ் விசாலமானது. முன்னால் ரோசாச் செடி, பின்னால் வெந்நீர் போட ஒரு தனிக் கொட்டகை. ஆனால் அந்த வீட்டில் ஓர் ஆணிகூட எங்களுடையதில்லை. வேலை இருக்கும்வரைதான் வீடு. லயத்து ஒற்றையறைக் காம்பராவுக்கும் அதே சட்டம்தான், டீமேக்கருக்கும் அதே சட்டம்தான். தோட்டத்து ஆபீசின் பெரிய கிளாக்கர் வேலையை விட்ட அன்று அவர் வீட்டுச் சாமான்களைக் கொட்டுகிற மழையில் லொறியில் ஏற்றினார்கள். எங்கே போகிறீர்கள் என்று அப்பா கேட்டதற்கு, இப்போதைக்கு மச்சான் வீடு, அப்புறம் பார்க்கலாம் என்றாராம். அப்பா அன்று சாப்பிடவில்லை.

அதற்குப் பிறகு அவருக்கு ஒரே பிடிவாதம், சாகுமுன் சொந்த வீடு. ரயிலுக்குக் கொடி காட்டும் ரயில்வே காட் ஒருவர், ஊருக்குத் திரும்பிப் போகவிருந்தவர், ஹட்டனில் தன் வீட்டை விற்பதாகக் கேள்விப்பட்டார். டவுனுக்கு மேலே, சரிவில், தகரக் கூரை போட்ட சின்ன வீடு. கையிலிருந்த சேமிப்பு விலையில் சிறு பங்குக்குத்தான் போதுமாயிருந்தது. மீதியைக் கடைவீதித் துணிக்கடை முதலாளி கொடுத்தார். வீட்டு உறுதியை, அதாவது கிரயப் பத்திரத்தை, ஈடாக வாங்கித் தன் இரும்புப் பெட்டியில் வைத்துக்கொண்டார். ஐம்பதுகளின் நடுவில் நானும் தம்பியும் பள்ளிக்கூடத்துக்காக அம்மாவோடு அந்த வீட்டுக்குக் குடிவந்தோம். அப்பா தோட்டத்திலேயே தங்கி, ஞாயிற்றுக்கிழமைகளில் வந்து போனார். முன் ஜன்னலில் கண்ணாடி உடைந்திருந்தது. தீபாவளிக்குள் புதிது போடலாம் என்று சொல்லி, அதுவரைக்கும் கழிவுப் பெட்டியொன்றின் பலகையை அப்பாவே அறைந்தார்.

இங்கேதான் அப்பா செய்த தப்பைச் சொல்ல வேண்டும். தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர்களுக்குத் தெரிந்த கடன் ஒரே வகைதான், சம்பளத்தில் பிடிக்கிற கடன். தோட்டத்தில் குளிருக்குக் கம்பளி கொடுப்பார்கள், அதன் விலையை மாதாமாதம் கொஞ்சங்கொஞ்சமாகச் சம்பளத்தில் பிடித்துக்கொள்வார்கள். பிடித்துக்கொண்டே வந்து ஒரு மாதம் பிடிப்பு நின்றுவிடும், கம்பளி நம்முடையது. அரிசியும் அப்படி, தீபாவளி முன்பணமும் அப்படி. அப்பா படித்தவர், துரைக்கு இங்கிலீசில் அறிக்கை எழுதுகிறவர். இருந்தாலும் கடன் என்றால் அவர் மனதில் இருந்தது கம்பளிக் கடன்தான். வீட்டையும் ஒரு பெரிய கம்பளியாக நினைத்துக்கொண்டார். மாதாமாதம் தான் கொடுப்பதற்கு வட்டி என்று பேர் என்பது அவருக்குத் தெரியாமலில்லை. அதற்குள்ளேயே முதலும் கரைந்துகொண்டு வருகிறது என்று அவராகவே நம்பிவிட்டார். யாரும் அவரை ஏமாற்றவில்லை.

அதில் அவருக்கு இருந்த பெருமை சொல்லி முடியாது. சம்பளம் வாங்கிய மறுநாள் கோட்டுப் போட்டுக்கொண்டு றொசல்லயில் ரயிலேறுவார். மழையோ மண்சரிவோ, ஒரு மாதமும் தவறியதில்லை. முதலாளி எழுந்து நின்று வரவேற்பார், சீனியும் பாலும் தூக்கலாகப் போட்டுத் தேத்தண்ணீர் வரும். ஐயாவைப் போல நாணயமான ஆளை நான் பார்த்ததில்லை என்று அவர் சொன்னதை அப்பா எங்களிடம் வந்து திரும்பத் திரும்பச் சொல்வார். தீபாவளிகள் வந்து போயின, கண்ணாடி மட்டும் வரவில்லை. பிறகு ஒரு வருஷம் அப்பாவுக்குப் பெரிய யோசனை பிறந்தது. கடன் பாதிக்கு மேல் தீர்ந்திருக்கும், அதே உறுதியின் மேல் இன்னும் கொஞ்சம் வாங்கி, முன்னால் கண்ணாடி ஜன்னல் வைத்த கூடம் ஒன்று, ஒரு ஹோல், இறக்கலாம் என்றார். அம்மா திரைச்சீலைக்குத் துணியே பார்த்துவிட்டார். முதலாளி சந்தோஷமாகச் சம்மதித்தார். சாட்சிக் கையெழுத்துக்கு ஆள் வேண்டியிருந்தது. அப்பா அத்தையைக் கூட்டிக்கொண்டு போனார்.

அங்கே நடந்ததை அத்தை எத்தனையோ தடவை நடித்துக் காட்டியிருக்கிறார், அப்பாவை எதிரில் உட்கார வைத்துக்கொண்டே. பேனாவைக் கையில் வாங்கிய அத்தை, கையெழுத்துப் போடாமல் முதலாளியைப் பார்த்து வழக்கமான தன் கேள்வியைத்தான் கேட்டார்.

"மொதலாளி, தம்பி இப்பக் கட்டுற மாதிரியே தவறாமக் கட்டிக்கிட்டு வந்தா, வீடு எந்த வருசம் எந்த மாசம் எங்க கைக்கு வரும்?"

முதலாளி நல்ல மனுஷர். மறைக்கவும் இல்லை, சிரிக்கவும் இல்லை.

"இப்படிக் கட்டினா வராதுங்கம்மா. ஐயா கட்டுறது வட்டி. மொதல் அப்படியே இருக்கு. எத்தன வருசமானாலும் இருக்கட்டும், நான் அவசரப்படுத்த மாட்டேன்."

அப்பாவுக்கு அப்போதுதான் விளங்கியது. மேசையில் வந்து வைத்த தேத்தண்ணீரை அவர் தொடவேயில்லையாம். அத்தை பேனாவை மூடித் திருப்பிக் கொடுத்துவிட்டு, யோசித்து வருகிறோம் என்று எழுந்தார். வெளியே தூறல். இருவரும் ஒரே குடைக்குள் ஸ்டேஷன் பக்கம் நடந்திருக்கிறார்கள். சொந்த வீடு சொந்த வீடு என்று சொல்லிக்கொண்டு இத்தனை வருஷமும் வாடகைதான் கொடுத்திருக்கிறேன், அக்கா என்று அப்பா சொன்னார். அந்த இடம் வரும்போது மட்டும் அத்தை நடிக்க மாட்டார், சாதாரணமாகத்தான் சொல்வார். தம்பியைத் திட்டவில்லை அவர்.

"கொழுந்த ஆய்ஞ்சா மறுபடி துளிர்க்கத்தாண்டா செய்யும். நீ இவ்வளவு நாளும் ஆய்ஞ்சுக்கிட்டே இருந்திருக்க. இனிமே மொதலத் தூரோட புடுங்குவோம், வா."

அடுத்த வாரமே அத்தை முதலாளியிடம் போய்ப் பேசினார். முதல் தொகையை மொத்தமாகத்தான் வாங்குவது முதலாளியின் வழக்கம். சில்லறையாக வாங்கினால் அந்தப் பணத்தை வேறெங்கே போட்டு வட்டி எடுப்பது என்று அவர் தன் கஷ்டத்தைச் சொன்னார். அத்தை அசையவில்லை. கடைசியில், கணிசமான தொகையாகச் சேர்த்துக்கொண்டு வந்தால் முதல் தொகையில் கழித்துக்கொள்வதாக முதலாளி சம்மதித்தார். அப்பாவின் சம்பள மிச்சமும் அத்தையின் சம்பளத்தில் பெரும்பங்கும் ஒன்றாகச் சேர்ந்தன. முன் அறையை ஸ்டேஷனில் வேலை பார்த்த இரண்டு பேருக்கு வாடகைக்கு விட்டோம். அவர்களுக்குச் சாப்பாடும் அம்மாதான். நாங்கள் மூன்று பேரும் பின்னறையில் படுத்தோம்.

ஜன்னல் பலகை அப்படியே நின்றது. பட்டப்பகலில் முன் அறையில் விளக்கு வேண்டும். பலகைக்கும் சட்டத்துக்கும் நடுவில் காற்று விசிலடிக்கும், காலையில் எழுந்தால் மூடுபனி வீட்டுக்குள் வந்து உட்கார்ந்திருக்கும். தெருவில் எங்களுக்குத் தேயிலைப் பெட்டி வீடு என்றே பேர் வந்துவிட்டது. எத்தனையோ ஆயிரம் பெட்டிகளை மூடி அனுப்பிய அப்பாவுக்கு அது பெரிய அவமானம். தலை குனிந்துதான் தெருவில் வருவார். அம்மா பொறுத்துப் பொறுத்துப் பார்த்துவிட்டு, ஒரு நாள் சாப்பாட்டுக் காசில் மிச்சம் பிடித்ததை வைத்துக்கொண்டு கண்ணாடிக்காரனை அளவெடுக்கக் கூப்பிட்டுவிட்டார். அன்றைக்கென்று அத்தை வந்து நின்றார். கண்ணாடிக்காரனுக்குத் தேத்தண்ணீர் கொடுத்து மரியாதையாக அனுப்பிவிட்டு அம்மாவிடம் திரும்பினார்.

"இது யாரு வீட்டு ஜன்னல் தங்கச்சி? மொதலாளி வீட்டு ஜன்னலுக்கு நாம ஏன் கண்ணாடி போடணும்?"

அம்மா அழுதார். அழுது முடித்து அந்தக் காசை அத்தை கையில் கொடுத்தார். இன்று நினைத்தால் அந்த அழுகைக்கும் நான் நன்றி சொல்ல வேண்டும். அந்த வீட்டுக்கு அத்தை கொடுத்தது சம்பளம், அம்மா கொடுத்தது அத்தனை வருஷத்து வெளிச்சம்.

முதல் தொகையில் முதன்முறையாக ஒரு பங்கு கழிந்த பிறகு அப்பா வட்டி கட்டப் போனார். திரும்பி வந்தபோது முகமே வேறாயிருந்தது. வட்டி குறைந்திருக்கிறது, கொஞ்சம்தான், ஆனால் குறைந்திருக்கிறது என்று வாசலிலேயே நின்று சொன்னார். இத்தனை வருஷமாக ஆடாமல் அசையாமல் நின்ற தொகை அது. மிச்சமான அந்தக் கொஞ்சத்தையும் அத்தை அவர் கையிலிருந்து பிடுங்கி முதலுக்குச் சேர்த்துவிட்டார். இடுப்பு வலி கண்டிருச்சு, இனிப் பயமில்லை என்றார். அதன் பிறகு ஒவ்வொரு தடவையும் வட்டி இறங்க இறங்க, முதலுக்குப் போவது கூடியது. முன்னே நகராத வண்டி ஒன்று சரிவில் இறங்கத் தொடங்கியதுபோல இருந்தது எங்களுக்கு.

அறுபதுகளின் நடுவில், அப்பா வேலையை விட இன்னும் சில மாதங்களே இருந்தபோது, ஈடு மீண்டது. நாங்கள் எல்லோரும் கடைக்குப் போனோம். முதலாளி இரும்புப் பெட்டியைத் திறந்து உறுதியை எடுத்து நீட்டினார். அப்பா எழுந்து கை நீட்டினார். அத்தை குறுக்கே கை நீட்டி வாங்கினார். தோளிலிருந்த கடிகாரத்தைத் திருப்பிப் பார்த்து, பிள்ளை பிறந்த நேரம் சொல்வதுபோல மணியைச் சொன்னார். பிறகு பையிலிருந்து ஒரு சுத்தமான ஃபிளனல் துண்டை எடுத்து உறுதியைச் சுற்றி அப்பா கையில் வைத்தார். முதலாளிகூடச் சிரித்துவிட்டார்.

வீடு வந்து சேர்ந்ததும் அப்பா வாசற்படியில் உட்கார்ந்து, ஆரம்பத்திலிருந்து கொடுத்ததையெல்லாம் கூட்டிப் பார்த்தார். காட் கேட்ட விலையைப் போல் இன்னொரு மடங்கு வட்டியாகவே போயிருந்தது. ரெண்டு வீட்டுக் காசைக் கொடுத்து ஒரு வீடு வாங்கியிருக்கிறோம் அக்கா, இன்னொரு வீடு எங்கே என்று கேட்டார். வேடிக்கையாகத்தான் கேட்க நினைத்தார், ஆனால் கண் கலங்கிவிட்டது. அத்தை பக்கத்தில் உட்கார்ந்தார்.

"ரெட்டப் புள்ள தம்பி. ஒண்ணுதான் தங்குச்சு. தங்குனதப் பாரு."

அந்த வாரமே பலகையைப் பெயர்த்துக் கண்ணாடி போட்டோம். அத்தையும் வேலையை விட்டுத் தன் குவாட்டர்ஸ் சாவியைத் தோட்டத்து ஆபீசில் கொடுத்துவிட்டு, குடையும் பையுமாக எங்களிடம் வந்து சேர்ந்தார். வேறு போக்கிடம் அவருக்கும் இருக்கவில்லை என்பது அன்றைக்குத்தான் எனக்கு உறைத்தது. முதல் நாள் காலையில் அந்த ஜன்னலடியில் உட்கார்ந்து, வெயில் கண்ணைக் குத்துகிறது, பலகையே தேவலை என்று குறைபட்டுக்கொண்டார். ஆனாலும் நாற்காலியை நகர்த்தவில்லை. கடைசி வரைக்கும் அவர் இடம் அதுதான், உயிர் போனதும் அந்த அறையில்தான். யாரும் அவர் சாமானை மழையில் ஏற்றவில்லை.

மூன்று மாதத்துக்கு முன் என் மகள் வந்திருந்தாள். கொழும்புப் பக்கம் புது வீடொன்று வாங்க வங்கியில் கடன் கேட்டிருக்கிறாள். மாதாமாதம் இவ்வளவுதான் அம்மா, சுலபமாகக் கட்டிவிடலாம் என்றாள். அப்பாவின் குரலே கேட்டது எனக்கு. எந்த வருஷம் எந்த மாசம் என்று கேட்டேன். கடைசித் தேதி போட்ட நீளமான அட்டவணையைக் காட்டினாள். பரவாயில்லை, இந்தக் காலத்தில் நாளாவது குறித்துக் கொடுக்கிறார்கள், இது கம்பளிக் கடன்தான் என்று நினைத்துக்கொண்டேன். அப்புறம், ஒற்றைப் பிள்ளையா இரட்டையா என்று கேட்டேன். அத்தை கதை அவளுக்குத் தெரியும். பேனா எடுத்துக் கடைசி வரைக்கும் கூட்டினாள். கூட்டி முடித்து, இரட்டைதான் அம்மா என்று அட்டவணையை மடித்து வைத்தாள்.

போன மாதம் மறுபடி வந்தபோது வேறொரு வீட்டைப் பற்றிச் சொன்னாள். சின்னது, பழையது, இன்னும் வேலை முடியாதது. கடன் பாதிதான், வருஷமும் பாதிதான். புறப்படும்போது சமையலறைக்குள் போனாள், அரிசிப் பெட்டியை நகர்த்தும் சத்தம் கேட்டது.

"அம்மா, அந்த வீட்டுப் பின் ஜன்னல்ல கண்ணாடி இல்ல. இந்தப் பலகைய நான் கொண்டு போறேன்."

துடைத்து எடுத்துப் போ என்றேன்.