வியாழக்கிழமை புறப்பட்ட பை

என் சின்னம்மா சுவிஸுக்குப் புறப்பட்டது ஒரு வியாழக்கிழமை. படகு ஏற வேண்டியது வெள்ளிக்கிழமை. இடைப்பட்ட நேரத்தில் அவர் எங்கள் வீட்டில்தான் இருந்தார், எங்களோடுதான் சாப்பிட்டார், கிணற்றடியில் நின்று என் தலையில் தண்ணீர் வார்த்ததும் அவர்தான். ஆனால் பெரிய மாமாவின் கணக்குப்படி அவர் அப்போது நெடுந்தீவிலேயே இல்லை.

இதைக் கொஞ்சம் விளங்கப்படுத்த வேண்டும். எங்கள் தீவிலிருந்து படகு விடிகாலையில் போய்விடும். யாருடைய நல்ல நேரத்துக்காகவும் அது மாவிலித்துறையில் காத்து நிற்பதில்லை. விமானமும் அப்படித்தான். அதனால் பெரியவர்கள் ஒரு வழி வைத்திருந்தார்கள். பயண நாள் சரியில்லை என்றால், அதற்கு முன் வருகிற ஒரு நல்ல நேரத்தில், பயணம் போகிறவர் பாவிக்கும் சாமான்களை ஒரு பையில் போட்டு, வீட்டை விட்டு வெளியே கொண்டுபோய் அயல் வீட்டில் வைத்துவிட வேண்டும். பை வெளிக்கிட்டால் ஆளும் வெளிக்கிட்ட மாதிரி. பிறகு ராகு காலமோ சூலமோ எதுவும் அவரைத் தொடாது. மறுநாள் பயமில்லாமல் எழும்பி, போகிற வழியில் பையை எடுத்துக்கொண்டு போகலாம். ஒரே ஒரு கட்டுப்பாடுதான். வைத்த பை திரும்ப வீட்டுக்கு வரக்கூடாது.

வெள்ளிக்கிழமை மேற்கே சூலம். சுவிஸ் மேற்கே இருக்கிறது. படகு கிழக்குப் பக்கமாகக் குறிகட்டுவானுக்குத்தானே போகிறது, பிறகென்ன சூலம் என்று அம்மா கேட்டார். மாமா மூக்குக்கண்ணாடியை இறக்கிக்கொண்டு, போகிற படகைப் பார்க்கக்கூடாது, போய்ச் சேருகிற நாட்டைத்தான் பார்க்க வேண்டும் என்றார். அவர் அம்மாவுக்கும் சின்னம்மாவுக்கும் மூத்தவர். பஞ்சாங்கத்தோடு அவர் பேசிக்கொண்டிருக்கும்போது வேறு யாரும் பேசுவதில்லை.

சுவிஸில் சின்னம்மாவுக்கு மாப்பிள்ளை இருந்தார். மாமாவின் கூட்டாளி வழியில் வந்த சம்பந்தம். சின்னம்மா அவரைத் தொலைபேசித் திரையில் நாலைந்து முறை பார்த்திருந்தார். வீட்டில் எல்லோருக்கும் பரம சந்தோஷம். அதற்கு ஒரு காரணம் புத்தகங்கள்.

சின்னம்மா ஊர் வாசிகசாலையைப் பின்னேரங்களில் திறந்து வைத்திருப்பவர். இரண்டு அலுமாரி நிறையப் புத்தகங்கள். உப்புக்காற்றில் பாதிக்கு மேல் அட்டை சுருண்டிருக்கும். அவற்றில் பயணப் புத்தகங்களையும், காலத்தில் முன்னும் பின்னும் போய் வருகிற கதைகளையும் அவர் ஒன்றும் விடாமல் வாசித்து முடித்திருந்தார். பாலைவனத்தில் ஒட்டகத்தில் போனவர்கள், கப்பலில் உலகம் சுற்றியவர்கள், நாளைக்குப் போய் அங்கே தங்களையே சந்தித்தவர்கள் எல்லோரையும் எங்கள் வீட்டுக் குசினிக்குள் கூட்டிக்கொண்டு வந்தவர் அவர். மீனுக்குச் செதில் தட்டிக்கொண்டே எனக்குக் கதை சொல்வார். அதனால் சம்பந்தம் பேசி வந்தபோது அம்மா சொன்னது இதுதான்: "வாசிச்சு வாசிச்சு உலகம் பாத்தவள், இனிக் கண்ணாலை பாக்கப்போறாள். குடுத்து வைச்சவள்." பயணப் புத்தகம் வாசிக்கிறவர்கள் எல்லாம் பயணம் போக ஆசைப்படுகிறவர்கள் என்று எங்கள் வீட்டில் ஒருவருக்கும் ஒரு சந்தேகமும் இருக்கவில்லை. மீன் குழம்பு விரும்பிச் சாப்பிடுகிறவரைக் கடலில் தள்ளிவிடலாம் என்பது போலத்தான் அது. அந்த வயதில் அதில் பிழை இருப்பதாக எனக்கும் தோன்றவில்லை.

எனக்கு எட்டு வயது. சின்னம்மா போகக்கூடாது என்பதைத் தவிர எனக்கு வேறு யோசனையே இல்லை. அம்மா பள்ளிக்கூடத்தில் படிப்பித்துவிட்டு வந்து அலுத்துப்போய்ப் படுத்துவிடுவார். எனக்குத் தலை இழுத்துப் பின்னிவிடுவது, காய்ச்சலில் பக்கத்தில் இருப்பது, கதை சொல்வது எல்லாம் சின்னம்மாதான்.

அப்போது அவர் எனக்குப் பாதி சொல்லி வைத்திருந்த கதை ஒரு தபால்காரரைப் பற்றியது. அவர் நேற்றைக்கும் நாளைக்கும் தபால் கொண்டுபோகிறவர். ஒரு நாள், போன வருடத்துக்குத் தபால் கொண்டுபோனவர், திரும்பி வரும்போது ஒரு வீட்டுப் படலையைச் சாத்த மறந்துவிடுகிறார். அதனால் ஒரு மாடு வெளியே போய், அதைத் தேடிப்போன பெண் வேறொருவரைச் சந்தித்து, கடைசியில் தபால்காரர் தன் ஊருக்கு வந்தபோது அந்த ஊரே வேறு ஊராக இருக்கிறது. கதையில் எனக்குப் பிடித்தது அந்தப் படலை. நடந்து முடிந்ததில் ஒரு சின்ன விஷயத்தை மாற்றினால் போதும், பிறகு வருவதெல்லாம் தானாக மாறிவிடும்.

வியாழக்கிழமை மதியத்துக்குச் சற்று முன் மாமா நேரம் பார்த்துச் சொல்ல, சின்னம்மா பையைத் தூக்கிக்கொண்டு வலது காலை வைத்து வெளியே இறங்கினார். இரண்டு பிடி வைத்த பெரிய நீலப் பை. உள்ளே இரண்டு சேலை, சீப்பு, மிச்சமெல்லாம் புத்தகம். பாவிக்கிற சாமான் வைக்க வேண்டும் என்றதற்கு அவர் அதைத்தான் வைத்தார். பக்கத்து வளவு மாமியின் விறாந்தையில் ஒரு கதிரையில் பையை வைத்துவிட்டு, கையை வீசிக்கொண்டு திரும்பி வந்தார். "இனிப் பிரச்சினையில்லை, நீ வெளிக்கிட்டிட்டாய்" என்றார் மாமா. புறப்பட்டுப்போன சின்னம்மா குசினிக்குள் போய்த் தேங்காய் துருவத் தொடங்கினார்.

நான் வாசலில் இருந்து யோசித்தேன். பை போனதால் ஆள் போனது என்றால், பை திரும்பி வந்தால்? மாமாவின் பஞ்சாங்கமும் தபால்காரரின் படலையும் ஒன்றையேதான் சொல்கின்றன என்று எனக்குப் பட்டது.

பின்னேரம் மாமி ஆடுகளைச் சாய்த்துக்கொண்டு வரப் போனார். நான் அந்த வளவுக்குள் போய்க் கதிரையிலிருந்து பையை இழுத்தேன். அது தொப்பென்று விழுந்தது. தூக்க முடியவில்லை, இரண்டு கையாலும் பிடித்துப் பின்பக்கமாக இழுத்து இழுத்துக் கொண்டுவந்தேன். இரண்டு வளவுக்கும் நடுவில் கடற்கல் அடுக்கிய மதில். ஓரிடத்தில் கல் சரிந்து ஆள் தாண்டக்கூடிய அளவுக்கு இடைவெளி இருந்தது. பை அந்த இடத்தில் வந்து மாட்டிக்கொண்டது. எவ்வளவு இழுத்தும் அசையவில்லை. எனக்கு அழுகை வந்துவிட்டது.

நிமிர்ந்து பார்த்தால் சின்னம்மா கையில் வாளியோடு நிற்கிறார். கிணற்றடிக்கு வந்தவர்.

"என்ன செய்யிறாய் பிள்ளை?"

பொய் சொல்ல எனக்கு நேரம் கிடைக்கவில்லை. "காலமை நடந்ததை மாத்துறன், சின்னம்மா" என்றேன்.

அவர் சிரிக்கவில்லை. பையைப் பார்த்தார். பிறகு வாளியை மதிலில் வைத்துவிட்டு வந்து பையின் மற்றப் பிடியைப் பிடித்தார். "பாரமாக் கிடக்கு. நீ தனியக் கொண்டுபோக ஏலாது" என்றார். நாங்கள் இரண்டு பேருமாக அதைத் தூக்கிக்கொண்டுபோய் அவருடைய கட்டிலுக்குக் கீழே வைத்தோம். அவருக்கு மூச்சு வாங்கியது. எனக்கு ஒரே பூரிப்பு.

மாமி ஆடுகளோடு திரும்பி வந்து, பையைக் கள்ளன் எடுத்துவிட்டான் என்று குழறிக்கொண்டு ஓடி வந்தார். அயலே திரண்டுவிட்டது. அம்மா ஒவ்வொரு அறையாகத் தேடி, கட்டிலுக்குக் கீழே கண்டுபிடித்து இழுத்துக்கொண்டு வந்தார். எல்லோரும் என்னைத்தான் பார்த்தார்கள்.

"நான்தான் எடுத்துக்கொண்டு வந்தனான்" என்றார் சின்னம்மா. "புத்தகம் ஒண்டு வாசிச்சு முடியேல்லை."

"உனக்கென்ன விசரே?" என்றார் அம்மா. "வைச்ச பையை ஆரும் எடுப்பினமே?"

மாமா சத்தம் போடவில்லை. அவர் முகம் வெளிறிப்போயிருந்தது. "போன பை திரும்பினால் போன ஆளும் திரும்பினதுதான். இனி இந்தக் கிழமை ஏலாது" என்று பஞ்சாங்கத்தை விரித்துக்கொண்டு இருந்துவிட்டார். விமானத்துக்கு இன்னும் இரண்டு கிழமை, பதினாலு நாள், இருந்தது. கொழும்பில் சொந்தக்காரர் வீட்டில் நின்று சாமான் வாங்குவதற்கென்று வைத்திருந்த நாட்களில் ஒரு கிழமை குறைந்தது. வெள்ளிக்கிழமைப் படகு சின்னம்மா இல்லாமலே போனது. அது போகிற சத்தத்தை நான் பாயில் கிடந்தபடி கேட்டேன். காலத்தை வென்ற வேறு யாருக்கும் அவ்வளவு சந்தோஷம் இருந்திருக்காது.

அந்தக் கிழமை சின்னம்மா வழமைக்கு மாறாக இருந்தார். புத்தகத்தைத் தொடவேயில்லை. குசினிக்குள் போய் அம்மாவுக்குப் பக்கத்தில் காரணமில்லாமல் நிற்பார். "அக்கா" என்று தொடங்குவார். அம்மா தூளுக்கு மிளகாய் வறுத்துக்கொண்டிருப்பார், சின்னம்மா கொண்டுபோவதற்குத்தான். "அங்கை உந்தத் தூள் கிடையாது. கூடக் கொண்டுபோ" என்பார். சின்னம்மா ஓம் என்றுவிட்டு வெளியே வருவார். மாமா பஞ்சாங்கம் பார்க்கும்போது அவருக்குப் பின்னால் வந்து நிற்பார். நேரம் அறியத்தான் நிற்கிறார் என்று மாமா நினைத்துக்கொண்டு, "பயப்பிடாதை, இந்தமுறை திறமான நேரம் கிடக்கு" என்பார்.

ஒருநாள் என் தலையை இழுத்துக்கொண்டிருக்கும்போது, "நான் போனால் நீ என்ன செய்வாய்?" என்று கேட்டார்.

"எப்ப திரும்பி வருவியள்?" என்று கேட்டேன் நான்.

அவர் பின்னலை முடித்துக் கட்டினார். "கெதியா வந்திடுவன்" என்றார்.

அடுத்த வியாழக்கிழமை மாமா கவனமாக இருந்தார். பையைத் துறையடியில் தெரிந்தவர் ஒருவரின் வீட்டில், அறைக்குள் வைத்துப் பூட்டச் சொல்லிவிட்டார். வெள்ளிக்கிழமை இருள் விலகமுன்னரே எல்லோரும் துறைக்குப் போனோம். சின்னம்மா என்னைக் கட்டிப்பிடித்துக் கொஞ்சிவிட்டுப் படகுக்குள் இறங்கினார். நான் வீடு வரும்வரை கத்திக் கத்தி அழுதேன். பூட்டுப் போடாத வீடாக இருந்திருந்தால் சின்னம்மா போயிருக்கமாட்டார் என்று வெகுகாலம் நம்பிக்கொண்டிருந்தேன்.

சின்னம்மா நன்றாகத்தான் இருக்கிறார். சித்தப்பா நல்ல மனிதர். இரண்டு பிள்ளைகள், சின்னதொரு வீடு, முதியோர் இல்லத்தில் வேலை. கலியாணத்துக்குப் பிறகு ஒரே ஒரு தடவைதான் ஊருக்கு வந்தார்.

நான் இப்போது யாழ்ப்பாணத்தில் வேலை செய்கிறேன். அண்மையில் எனக்கும் ஒரு சம்பந்தம் வந்தது, மாப்பிள்ளை நோர்வேயில். மாமா பொருத்தம் பார்த்துவிட்டார். அம்மா என்னை எந்த மாதம் அனுப்பலாம் என்று யோசிக்கத் தொடங்கிவிட்டார். ஒரு ஞாயிற்றுக்கிழமை சின்னம்மா தொலைபேசி எடுத்தார். வாழ்த்தத்தான் எடுக்கிறார் என்று நினைத்தேன்.

"சம்பந்தத்தைப் பற்றி எல்லாரும் எனக்குச் சொன்னவை. நீ ஒண்டும் சொல்லேல்லையாம்" என்றார். "உனக்குப் போக விருப்பமோ?"

அதுவரை அப்படியொரு கேள்வியை யாரும் என்னிடம் கேட்கவில்லை. சின்னம்மா அந்தப் பக்கத்தில் அவசரப்படுத்தாமல் இருந்தார். குசினியில் அம்மாவுக்குப் பக்கத்திலும் மாமாவின் பஞ்சாங்கத்துக்குப் பின்னாலும் அவர் நின்ற நிற்பு அப்போதுதான் எனக்கு விளங்கியது. நான் அவருக்கு ஒரு கிழமையை வாங்கிக் கொடுத்தேன் என்று பெருமைப்பட்டிருந்தேனே, அந்தக் கிழமை முழுவதும் அவர் எங்கள் ஒவ்வொருவர் முன்னாலும் வந்து நின்றது இந்த ஒரு கேள்விக்காக. எங்கள் வீட்டில் ஒருவரும் கேட்கவில்லை. பையின் ஒரு பிடியைப் பிடித்திருந்த நான்கூட, எப்போது திரும்பி வருவீர்கள் என்றுதான் கேட்டேன்.