சபைக்குத் தெரிகிற பக்கம்

நாடகத்தில் ராஜா சபைக்கு முதுகைக் காட்ட மாட்டார். அதனால் ராஜா சட்டைக்கு முன்பக்கம் வெல்வெட்டும் ஜரிகையும் வைத்துத் தைப்பேன். முதுகுக்கு வெறும் காடாத்துணி. அரண்மனைத் தூண்களும் அப்படித்தான், முன்னால் பளிங்கு, பின்னால் மூங்கிலும் சாக்கும். ஐந்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்திவிட்டு, திருச்சியில் முகாம் போட்டிருந்த நாடகக் கம்பெனியில் சேர்ந்த எனக்கு முதலில் கைவந்தது இதுதான். பிற்பாடு மெட்ராஸ் போய் சினிமாவுக்கு வீடுகள் போட்டபோதும், காமிரா பார்க்காத சுவரைப் பற்றி யாரும் கேட்டதில்லை.

கம்பெனியில் இருந்த நாளில், முப்பது தாண்டியும் எனக்குக் கல்யாணம் ஆகவில்லை. நாடகக்காரனுக்குப் பெண் கொடுக்க யோசிப்பார்கள். நானாகப் போய்ப் பேசுகிற ஆளும் இல்லை. எங்கள் ஆர்மோனியக்காரர்தான் பொன்மலையில் ஒரு ரயில்வே குடும்பத்தில் பேசி, என்னைப் பெண் பார்க்கக் கூட்டிப்போனார். பெண் காபி கொண்டுவந்தபோது நான் நிமிரவில்லை. அவள் முந்தானையில் ஒரு கிழிசலுக்கு இழையோட்டியிருந்தது மட்டும் கண்ணில் பட்டது. அவள் திரும்பியபோது அதன் உள்பக்கமும் தெரிந்தது. அங்கேயும் தையல் அதே சீராக இருந்தது. முகத்தைச் சரியாகப் பார்க்காமலே எனக்குப் பிடித்துப்போயிற்று. இந்தச் சம்பந்தம் அமைய வேண்டுமே என்று அன்றிலிருந்து வேறு நினைப்பே இல்லை.

பெண்ணின் அப்பாவும் அம்மாவும் என் வீட்டைப் பார்க்க வருவதாகச் சொல்லி அனுப்பினார்கள். ஸ்ரீரங்கத்தில் அம்மா மண்டபம் ரோட்டில், ஓர் அறையும் சமையலறையுமாக ஒரு போர்ஷனில் குடியிருந்தேன்.

"கொஞ்சம் ஒழுங்கு பண்ணி வைய்யா," என்றார் ஆர்மோனியக்காரர். "ஊருக்கெல்லாம் அரண்மனை கட்டுறே. உனக்கு ஒரு வீடு பண்ணத் தெரியாதா?"

பண்ணினேன். அறைக்கு இளம்பச்சை அடித்தேன். ஜமீன்தார் வீட்டு சீனுக்குப் போடும் தேக்கு நாற்காலிகளைக் கம்பெனியில் கேட்டு வாங்கி வந்தேன். அவர்கள் உட்காரப்போகும் இடத்தில் நானே உட்கார்ந்து, அங்கிருந்து என்னென்ன தெரியும் என்று பார்த்துப் பார்த்து ஜன்னல் திரையையும் பூ ஜாடியையும் நகர்த்தினேன். சமையலறை வாசலுக்கு ஒரு படுதா தைத்து மாட்டினேன். அதோடு சமையலறையை மறந்துவிட்டேன்.

டவுன் பஸ்ஸில் வந்து இறங்கினார்கள். பெண்ணின் அப்பா ரயில்வே ஒர்க்ஷாப்பில் தச்சு வேலை பார்ப்பவர்; நாற்காலிக் கையைத் தடவித் தடவிப் பேசினார். ஆர்மோனியக்காரர் கூஜாவை எடுத்துக்கொண்டு காபி வாங்க ஹோட்டலுக்குப் போனார். அம்மாவுக்கு வெயிலில் வந்த தாகம். நீங்கள் உட்காருங்கள், நானே எடுத்துக்கொள்கிறேன் என்று எழுந்தவர், படுதாவை விலக்கி உள்ளே போய்விட்டார்.

உள்ளே ஒரு பானைத் தண்ணீர், ஒரு தட்டு, ஒரு டம்ளர். அடுப்பின் மேல் சாயத்துக்குப் பசை காய்ச்சிய சட்டி. சாப்பாடு எனக்கு எப்போதும் ஹோட்டலில்தான். அம்மா குடித்துவிட்டு, அதே டம்ளரைக் கழுவிக் கணவருக்குத் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார்.

"இன்னொரு டம்ளர் எங்க வச்சிருக்கீங்க தம்பி?"

"இல்லீங்க."

"யாராச்சும் வந்தா?"

யாரும் வருவதில்லை என்று சொல்லக் கூச்சமாக இருந்தது. பிறகு காபி வந்தது. அடுத்த போர்ஷனில் டம்ளர் வாங்கி வந்து ஆற்றிக் கொடுத்தோம்.

சில நாள் கழித்து ஆர்மோனியக்காரர் தயங்கித் தயங்கிச் சொன்னார். அப்பாவுக்குச் சம்மதமாம். அம்மாதான் வேண்டாம் என்றாராம்.

"என்ன சொன்னாங்க?" என்று கேட்டேன்.

"கம்பெனி ஊர் ஊராப் போயிடும், அந்த வீட்ல எம் பொண்ணு யார்கிட்ட பேசுவான்னு கேட்டாங்க."

நானே அந்த வீட்டில் யாரோடும் பேசியதில்லை.

நாற்காலிகளைத் திருப்பிக் கொடுத்த அன்றே பெரிய கடை வீதியில் இன்னொரு பித்தளை டம்ளர் வாங்கினேன். இன்றைக்கும் பழையதன் பக்கத்தில் கவிழ்த்து வைத்திருக்கிறேன். இரண்டையும் சேர்த்தே புளி போட்டுத் தேய்க்கிறேன். புதியதில் இன்னும் ஒரு நெளிவு விழவில்லை.