சாமி அலுமாரிக்குள் இருந்தவர்

பிள்ளையள், அன்றைக்கு நீங்கள் இரண்டு பேரும் பள்ளிக்கூடத்தில். வந்து பார்த்தால் பிள்ளையார் சோபாவில் இருக்கிறார், முருகன் டிவிக்குப் பக்கத்தில் நிற்கிறார். ஏன் என்று கேட்டீர்கள். உங்கட அம்மா ஒன்று சொன்னா, நான் வேறொன்று சொன்னேன். அதற்குப் பிறகு இத்தனை வருசமாக ஆளுக்கொரு கதை சொல்லிக்கொண்டு திரிகிறீர்கள். அதனால்தான் நடந்ததை எழுதி வைக்கிறேன். எழுதினால் தெளிவு வருமா என்று தெரியாது. எனக்கே இன்னும் குழப்பம்தான்.

ஊரில் சண்டை முடிந்து ஐந்தாறு வருசம் இருக்கும். பரிஸில், ரூ பிலிப்-து-ஜிரார் என்கிற தெருவில் இந்த வீட்டுக்கு நாங்கள் வந்து கனகாலம் ஆகவில்லை. கனடாவில் என்னுடைய சித்தப்பா செத்துப்போனதால் எங்களுக்குத் துடக்கு, சாவுத் தீட்டு. சித்தப்பாவை நான் கண்டது சின்ன வயதில். அம்மா அவருடைய குரலைப் போனில் கேட்டதோடு சரி. ஆனாலும் துடக்கு துடக்குத்தான். முப்பத்தோராம் நாள் சடங்கு முடியும் வரைக்கும் விளக்கேற்றக் கூடாது, சாமிப் படங்களிலும் சிலைகளிலும் கை படக் கூடாது. சமைக்கிற குசினிச் சுவரோடு சேர்ந்த அந்தப் பெரிய அலுமாரிதானே எங்களுக்குச் சாமி அறை. அம்மா இரண்டு கதவையும் சாத்தி, கைபிடிகளை வெள்ளைத் துணியால் கட்டி விட்டிருந்தா.

எனக்கு ரெஸ்டோரண்டில் லீவு நாள். மத்தியானத்துக்கு முன்னம் கதவில் தட்டுச் சத்தம். கட்டடத்தைப் பார்க்கிற போர்த்துக்கல் மனிசி நின்றா. அவவுக்குப் பின்னால் ஒரு வயதான வெள்ளைக்காரர். மெலிந்த ஆள், கழுத்தில் மப்ளர், மாடி ஏறி வந்ததில் மூச்சு வாங்குகிறது. எங்களை வீட்டை விட்டு எழுப்ப யாரோ வந்திட்டினம் என்றுதான் நான் முதலில் நினைத்தேன். அம்மாவும் அப்படித்தான் நினைத்தா போல. அடுப்பை நிறுத்திவிட்டு என் முதுகுக்குப் பின்னால் வந்து நின்றா.

அந்த மனிதர் தொப்பியைக் கழற்றினார். "மெஸ்யு, உங்கட குசினியில ஒரு அலுமாரி இருக்காம். அதை நான் ஒருக்காப் பார்க்கலாமோ?" என்று மெதுவாக, எனக்கு விளங்கிற பிரெஞ்சில் கேட்டார்.

அலுமாரி பார்க்க ஆரும் வருவினமோ? அம்மா என் காதுக்குள், "என்னப்பா, விக்கிறதெண்டு பேப்பரில போட்டனீங்களோ?" என்றா.

ஆளை இருத்தித் தேத்தண்ணி கொடுத்தோம். அப்போதுதான் அவர் சொல்லத் தொடங்கினார்.

அவர் யூதர். யூதர் என்றால் யார், அவர்களுக்கு என்ன நடந்தது என்று நீங்கள் இரண்டு பேரும் வரலாற்றுப் பாடத்தில் படித்தீர்கள். நான் படிக்கவில்லை. ஊரில் எங்களுக்குப் படிப்பித்தது வேறு. ஜெர்மன்காரர் பரிஸ் நகரத்தைப் பிடித்து வைத்திருந்த காலத்தில் பொலிஸ் வீடு வீடாகப் போய் யூத ஆட்களை அள்ளிக்கொண்டு போனதாம். பிடித்தது ஜெர்மன் பொலிஸ் இல்லை, இஞ்சத்தைப் பிரெஞ்சுப் பொலிஸ்தான் என்று அவர் சொன்னபோது, நான் பிழையாக விளங்கிக்கொண்டேனோ என்று இரண்டு தரம் கேட்டேன். "இஞ்சத்தைப் பொலிஸ்தான்" என்று இரண்டு தரமும் சொன்னார்.

அவருடைய தகப்பன் தையல்காரர், போலந்திலிருந்து வந்தவர். தைத்த உடுப்புகளை இந்தக் கட்டடத்தில் இருந்த ஒரு மனிசியிடம் இஸ்திரி போடக் கொடுக்கிறது வழக்கம். பிடிக்க வருகிறார்கள் என்று ஆரோ காதில் போட, தாய் இவரை உடுப்பு மூட்டையோடு கூட்டிவந்து அந்த மனிசியிடம் விட்டிருக்கிறா. இவருக்கு அப்போது நாலு வயது. தாயும் தகப்பனும் பிறகு திரும்பி வரவில்லை. அந்த மனிசியின் புருசன் ரயில்வேயில் கூலி வேலை. பிள்ளை குட்டி இல்லை. இவருக்கு அவர்கள் சொந்தமும் இல்லை, ஒரே சமயமும் இல்லை. சண்டை முடியும் மட்டும் இவரை வைத்திருந்திருக்கிறார்கள். உடுப்புக் கொண்டு ஆட்கள் வரும்போதெல்லாம் இவர் குசினி அலுமாரிக்குள்.

"ஒரு சட்டம்தான் இருந்தது. இஸ்திரிப்பெட்டி மேசையில் டக், டக் என்று விழுகிற வரைக்கும் நான் அசையலாம், இருமலாம். சத்தம் நின்றால் நானும் நிற்க வேணும். எனக்கு அப்போது ஓயாத இருமல். அதனால் அவ தேய்த்து முடிந்த துணியையும் திரும்பத் திரும்பத் தேய்ப்பா."

அந்த இரண்டு பேருடைய பெயரையும் கட்டட வாசலில் ஒரு கல்லில் பதிக்க வேணும் என்று சில வருசமாக இவர் கேட்டுக்கொண்டிருக்கிறாராம். கட்டடச் சொந்தக்காரர் கூட்டத்தில், எந்த வீடு, நிச்சயமாகச் சொல்லுங்கோ, இந்தக் கட்டடம்தான் என்றாவது உறுதியாகத் தெரியுமோ என்று கேட்டிருக்கிறார்கள். கண்டவர்கள் எல்லோரும் செத்துவிட்டார்கள். மிச்சம் இவர் ஒருவர்தான். இவருக்கும் அடுத்த கிழமை நெஞ்சில் ஒப்பரேசன். அதுக்கு முன்னம் அந்த அலுமாரிக்குள் இருந்து பார்த்து, இதுதான் என்று சொல்லிவிட வேணும் என்று வந்திருக்கிறார்.

போர்த்துக்கல் மனிசி குறுக்கே சொன்னா: "எல்லாக் குசினியிலயும் இதே மாதிரி அலுமாரி இருந்ததுதான். எல்லாரும் உடைச்சுக் குசினியைப் பெருப்பிச்சிட்டினம். இவை மட்டும்தான் உடைக்கேல்லை." சொல்லிவிட்டு வேலை கிடக்கு என்று இறங்கிப் போய்விட்டா.

நான் அம்மாவைப் பார்த்தேன்.

"ஏலாது," என்றா அம்மா தமிழில். "துடக்கு வீட்டில சாமியைத் தொட்டு இறக்கிறதோ? அவரை அடுத்த மாசம் வரச் சொல்லுங்கோ."

"அடுத்த கிழமை ஒப்பரேசனாம்."

"அதுக்கு நான் என்ன செய்ய? உங்கட சித்தப்பாதானே செத்தவர்."

எங்கட அப்பாவைக் கொழும்பில் தமிழரை வெட்டின கலவர நேரம் ஒரு சிங்களக் குடும்பம் வீட்டுக்குள் பூட்டி வைத்துக் காப்பாற்றினது என்று உங்களுக்குச் சொல்லியிருக்கிறேன். அதை அம்மாவுக்கு நினைப்பூட்ட வாயெடுத்தேன். பிறகு விட்டுவிட்டேன். அதுவும் இதுவும் ஒன்றோ என்று எனக்கே பிடிபடவில்லை.

யோசித்துப் பார்த்துவிட்டு, பரிஸுக்கு வெளியில் இருக்கிற பொபினிக்குப் போன் எடுத்தேன். அங்கேதான் ரெஸ்டோரண்டில் என்னோடு கொத்துரொட்டி போடுகிற மன்னார்த் தம்பி இருக்கிறான். வேதக்காரன், மாதா கோயிலுக்குப் போகிறவன். எங்கட சொந்தமும் இல்லை, துடக்கும் இல்லை. அவன் தொட்டு இறக்கலாம்தானே? அம்மாவிடம் கேட்டேன். அம்மா கைபிடியில் கட்டின துணியைப் பார்த்துக்கொண்டே, "அப்பிடிச் செய்யலாமோ கூடாதோ எண்டு எனக்குத் தெரியேல்லை. வரச் சொல்லுங்கோ" என்றா.

அவன் வந்தான். அம்மா வாசலிலேயே மறித்துவிட்டா.

"தம்பி, காலமை என்ன சாப்பிட்டனீங்கள்?"

"உண்மையைச் சொல்லுறதோ அக்கா, உங்களுக்குப் பிடிச்சதைச் சொல்லுறதோ?"

"ஒண்டும் சொல்லாதேங்கோ. போய் முழுகிப்போட்டு வாங்கோ."

அவன் துவாயைத் தோளில் போட்டுக்கொண்டு குளிக்கிற அறைக்குள் போனான். வயதானவர் தேத்தண்ணிக் கோப்பையைப் பிடித்தபடி, ஏன் இந்த மெஸ்யு பொபினியிலிருந்து எங்கள் வீட்டுக்குக் குளிக்க வந்திருக்கிறார் என்று என்னிடம் கேட்டார். துடக்குக்குப் பிரெஞ்சில் என்ன சொல்வது? எங்கள் குடும்பத்தில் ஒருவர் கனடாவில் செத்துப்போனார், அதனால் உங்கள் அலுமாரியில் இருக்கிற எங்கட கடவுளை நாங்கள் தொட ஏலாது, இவர் கத்தோலிக்கர், அதனால் தொடலாம் என்று சொன்னேன். அவர் தலையாட்டினார். என்ன விளங்கித் தலையாட்டினார் என்று தெரியாது.

மன்னார்த் தம்பி தலைமயிரிலிருந்து தண்ணி சொட்டச் சொட்ட வந்து, வெள்ளைத் துணியை அவிழ்த்து, பிள்ளையாரைத் தூக்கினான். "ஆள் நல்ல பாரம் அண்ணை. எங்கட அந்தோனியார் இவ்வளவு பாரமில்லை."

"வாயை மூடிக்கொண்டு இறக்கடா."

"எங்கை வைக்கிறது?"

அம்மா சோபாவில் புதுத் துவாய் விரித்தா. அப்படித்தான் பிள்ளையார் சோபாவுக்கும் முருகன் டிவிக்குப் பக்கத்துக்கும் வந்தார்கள்.

அலுமாரி வெறுமையானது. கீழ்த்தட்டில் ஒரு ஆள் முழங்காலை மடக்கி இருக்கலாம். வயதானவர் மப்ளரைக் கழற்றிக் கதிரையில் வைத்துவிட்டு, சப்பாத்தையும் கழற்றினார். ஒருவரும் கழற்றச் சொல்லவில்லை. நானும் தம்பியும் ஒவ்வொரு கையாகப் பிடித்து இருத்தினோம். கதவைச் சாத்தச் சொன்னார். சாத்தினோம். பிறகு உள்ளே இருந்து குரல் வந்தது. "மேசையில் தட்டுங்கோ. இஸ்திரிப்பெட்டி மாதிரி."

எங்கள் வீட்டு இஸ்திரிப்பெட்டி பாரமில்லாத பிளாஸ்டிக் சாமான். மன்னார்த் தம்பி இரண்டு பெரிய கரண்டிகளை எடுத்தான். எடுத்தவன் டக்கு டக்கு டக டக, டக்கு டக்கு டக டக என்று அடிக்கத் தொடங்கினான்.

"டேய், அது கொத்து! இஸ்திரி போடுறது அப்பிடியோ?"

"கை தன்ரபாட்டில போகுது அண்ணை."

"ஒண்டு ஒண்டா அடியடா."

அவன் எவ்வளவு முயன்றும் நாலாவது அடியில் கொத்துக்கே போய் நின்றான். எனக்குச் சிரிப்பும் வந்தது, சிரிக்கலாமோ என்று பயமும் வந்தது. அம்மா முறைத்தா. அலுமாரிக்குள் வயதானவர் இருமுகிற சத்தம் கேட்டது. சும்மா தொண்டையைச் செருமுகிற இருமல் இல்லை, அடியிலிருந்து வருகிற இருமல். தம்பி பயந்துபோய்க் கரண்டியை நிறுத்தினான்.

இருமலும் நின்றது. பாதி இருமலில், வாயைப் பொத்தினது போல.

நாங்கள் பார்த்துக்கொண்டு நின்றோம். உள்ளே ஒரு சத்தமும் இல்லை. மூச்சுச் சத்தம்கூட இல்லை. "மெஸ்யு?" என்றேன். பதில் இல்லை. நெஞ்சு வருத்தக்காரர் என்பது அப்போதுதான் மண்டையில் உறைத்தது. "திறப்பமோ அண்ணை?" என்றான் தம்பி. திறக்கலாமோ கூடாதோ என்று தெரியவில்லை.

"தட்டுங்கோ," என்றா அம்மா. நாங்கள் விளங்காமல் நின்றோம். "உங்களுக்கு விளங்கேல்லையோ? தட்டினால்தான் அந்த மனிசன் மூச்சு விடும். தட்டுங்கோ!"

தம்பியின் கையிலிருந்த கரண்டியை விட்டுவிட்டு, பக்கத்தில் கிடந்த ரொட்டிக் கட்டையை அம்மாவே எடுத்து மேசையில் ஒன்றொன்றாகப் போட்டா. டக். டக். டக். உள்ளே இருமல் திரும்பவும் தொடங்கியது. முதலில் மெதுவாக, பிறகு பலமாக. அம்மா விடாமல் தட்டினா. அவ அழுதாவோ, வேர்வையோ தெரியாது, முகம் நனைந்திருந்தது. துடக்கு நேரத்தில் கட்டு அவிழ்த்த சாமி அறைக்கு முன்னால் நின்று தட்டிக்கொண்டிருந்தா. இருமல் தானாக ஓயும் வரைக்கும் நிறுத்தவில்லை.

கதவைத் திறந்தோம். அவர் வெளியே வர நேரம் எடுத்தது. கதிரையில் இருத்தித் தண்ணி கொடுத்தோம்.

"இதுதானோ மெஸ்யு?" என்று கேட்டேன்.

அவர் திரும்பி அலுமாரிக்குள் பார்த்தார். பிறகு, "குழாய்," என்றார். "எனக்கு ஞாபகம் இருக்கிறது, வலது கைப்பக்கம் ஒரு குழாய் ஓடினது. சூடாக இருக்கும். கையை வைத்துக்கொள்வேன். இங்கே குழாய் இடது பக்கம் இருக்கிறது."

நாங்கள் எட்டிப் பார்த்தோம். குழாய் இருந்தது. கதவைப் பார்த்து இருந்தால் இடது கைக்கு. மன்னார்த் தம்பி சும்மா இராமல் உள்ளே போய்ச் சுவரைப் பார்த்து இருந்தான். "இப்பிடி இருந்தா வலது கைக்கு வருது அண்ணை. சின்னப் பிள்ளை, பயத்தில சுவர்ப் பக்கம் திரும்பி இருந்திருப்பார்."

அதை நான் பிரெஞ்சில் சொன்னேன். வயதானவர் தன் இரண்டு கைகளையும் மாறி மாறிப் பார்த்தார். "கதவு இடுக்கால் வெளிச்சம் பார்த்ததாகவும் ஞாபகம். சுவரைப் பார்த்து இருந்ததாகவும் ஞாபகம். கட்டடத்தின் நடு முற்றத்துக்கு அந்தப் பக்கத்து வீடுகளில் எல்லாம் மாறித்தான் கட்டியிருப்பார்கள், வலதும் இடதுமாக. அங்கே அலுமாரி ஒன்றும் மிச்சம் இல்லை." மப்ளரை எடுத்துக் கழுத்தில் சுற்றிக்கொண்டே, "எனக்குத் தெரியவில்லை, மெஸ்யு," என்றார்.

இவ்வளவு தூரம் வந்து, முழுகி, சாமியை இறக்கி, தெரியவில்லை.

அவர் சப்பாத்தைப் போட்டுக்கொண்டே என்னைப் பார்த்துக் கேட்டார். "நான் கூட்டத்தில் இந்த வீடுதான் என்று சொன்னால், உங்களுக்கு மறுப்பு இருக்குமோ? தெரியவில்லை என்று சொன்னால் கல் இல்லை. கல் இல்லை என்றால் அவர்கள் இரண்டு பேரும் இருந்ததே இல்லை என்ற மாதிரி."

நான் "உய்" என்றேன், ஓம் என்று. மறுப்பு இருக்கு என்று விளங்கிவிடக் கூடாது என்று, "சொல்லுங்கோ, இஞ்சைதான் எண்டு சொல்லுங்கோ" என்று திரும்பவும் சொன்னேன். அவர் அம்மாவின் கையை இரண்டு கையாலும் பிடித்துவிட்டுப் படியிறங்கினார். தம்பி கீழ் வாசல் வரைக்கும் கூடப் போனான்.

கதவு சாத்தினதும் அம்மா கேட்டா. "தெரியாத விசயத்துக்கு ஏன் ஓம் எண்டனீங்கள்? எங்கட வீடெண்டு ஆர் கண்டது?"

"நீர் ஏன் தட்டினனீர்?"

"அது வேற," என்றா. எப்படி வேறு என்று இன்றுவரைக்கும் சொல்லவில்லை.

ஒப்பரேசனுக்குப் பிறகு அவர் பிழைத்தார் என்றும், அதிக காலம் இருக்கவில்லை என்றும் போர்த்துக்கல் மனிசி சொல்லி அறிந்தோம். கல் வாசலில் இருக்கிறது, நீங்கள் தினமும் கடந்து போகிறீர்கள். சில நேரம் பள்ளிக்கூடப் பிள்ளைகளைக் கூட்டிவந்து காட்டுகிறார்கள். எந்த வீடு என்று அவர்கள் அண்ணாந்து பார்க்கும்போது, யன்னலில் நான் நின்றால் கை காட்டுவதா, திரையை இழுப்பதா என்று எனக்குத் தெரிவதில்லை. அம்மா கை காட்டுவா.

மூத்தவளே, போன கிழமை நீ என்னைக் கேட்டாய், நான் சொன்னது பொய்தானே என்று. அந்த இஸ்திரி மனிசியும் புருசனும் இருந்தது பொய் இல்லை, அவரை வைத்திருந்தது பொய் இல்லை. இந்தச் சுவருக்குப் பின்னாலோ, முற்றத்துக்கு அந்தப் பக்கத்திலோ. ஆனால் நான் சொன்னது "இஞ்சைதான்" என்று. அதற்கு என்ன பெயர் என்று எனக்குத் தெரியவில்லை, பிள்ளை. உனக்கு என்னைவிடப் படிப்பு இருக்கிறது. ஆரும் உன்னிடம் கேட்டால் என்ன சொல்வாய் என்று நீதான் யோசிக்க வேணும். ஓம் என்று சொல்லு என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் நீ இல்லை என்று சொல்லிக் கேட்டால் எனக்கு மனம் நோகும் போலத்தான் கிடக்கு.